கலிபோர்னியா 2026: வீடு மாறவில்லை, தொகுதி எண் மாறிவிட்டது. ஜூன் 2 பிரைமரியில் (முதற்கட்டத் தேர்தலில்) என்ன செய்ய வேண்டும்?

பாலைவனவாசி:
வணக்கம். பாம் ஸ்பிரிங்ஸில் இருக்கிறோம். 2024இல் காங்கிரஸுக்கு (அமெரிக்க நாடாளுமன்றத்தின் பிரதிநிதிகள் சபைக்கு) வாக்களித்தபோது 41ஆம் தொகுதி. இப்போது 48 என்கிறார்கள். எதை நம்புவது? இன்னொன்று, நான் கட்சி எதையும் குறிப்பிடாமல் பதிவு செய்தவன். 2024 மார்ச்சில் வந்த வாக்குச்சீட்டில் அதிபர் வேட்பாளர் பகுதியே இல்லை. இந்த ஜூனிலும் அப்படித்தானா? அப்படியென்றால் நேராக நவம்பர் 3 இறுதித் தேர்தலில் பார்த்துக்கொள்ளலாமா?

கோடுபார்ப்பவர்:
48தான் சரி. 2025 நவம்பர் 4 அன்று மாநில மக்கள் வாக்கெடுப்பில் ப்ராப் 50 என்ற முன்மொழிவு நிறைவேறியதால், தொகுதி எல்லைகளுக்கான சுயேச்சை ஆணையம் வரைந்த காங்கிரஸ் வரைபடம் ஓரம்போய், சட்டமன்றம் வரைந்தது வந்திருக்கிறது. 2026, 2028, 2030 மூன்று தேர்தலுக்கும் இதுதான். 2030 மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குப் பிறகு பேனா மறுபடி ஆணையத்தின் கைக்குப் போகும். டெக்சாஸ் மாநிலம் அடுத்த கணக்கெடுப்புக்குக் காத்திராமல் நடுவிலேயே கோடு மாற்றியதற்குப் பதிலடி என்று வெளிப்படையாகச் சொல்லியே செய்தார்கள். 2024இல் குடியரசுக் கட்சி வென்ற 9 இடங்களில் 1, 3, 22, 41, 48 என்ற ஐந்தும் ஜனநாயகக் கட்சிக்குச் சாதகமாகத் திருத்தப்பட்டன.

குழப்பம் எங்கே வருகிறதென்றால், மொத்தம் அதே 52 எண்கள்தான், நிலம் மட்டும் வேறு. உங்கள் பழைய 41 ரிவர்சைடு கவுண்டியில் (நம்மூர் மாவட்டம் மாதிரி) இருந்தது. இப்போதைய 41 லாஸ் ஏஞ்சல்ஸ் கவுண்டிக்குள் போய்விட்டது. பழைய 41இன் உறுப்பினர் கென் கால்வர்ட் 40இல் நிற்கிறார்; அங்கே ஏற்கெனவே இருப்பவர் அதே கட்சியின் யங் கிம். ஆகவே 2024 முடிவுகளை எண்ணை வைத்து ஒப்பிடும் அட்டவணைகளை ஒதுக்கிவிடுங்கள். வேட்பாளர் அந்தத் தொகுதியில் குடியிருக்க வேண்டும் என்றும் விதி இல்லை, மாநிலத்தில் இருந்தால் போதும்.

மாறியது காங்கிரஸ் கோடு மட்டும். மாநில அசெம்பிளி, செனட் தொகுதிகள் பழையபடியே. தேர்தலைக் கவனிக்கும் மாநிலச் செயலரின் தளத்தில் 'மை வோட்டர் ஸ்டேட்டஸ்' பக்கத்தில் பெயர், பிறந்த தேதி, ஓட்டுநர் உரிம எண், சோஷியல் செக்யூரிட்டியின் கடைசி 4 இலக்கம் கொடுத்தால் உங்கள் பதிவும் தொகுதிகளும் வரும். அஞ்சல் குறியீட்டை மட்டும் வைத்துத் தேடாதீர்கள். ஒரே குறியீட்டைக் கோடு இரண்டாக வெட்டியிருக்கலாம்.

முதலிருவர்:
ஜூனை விட்டுவிடாதீர்கள். அதிபர் பிரைமரி கட்சிகளின் சொந்த விவகாரம், அதனால்தான் உங்களுக்கு அந்தப் பகுதி வரவில்லை. காங்கிரஸுக்கு அப்படி இல்லை. எல்லாக் கட்சி வேட்பாளர்களும் ஒரே பட்டியலில் இருப்பார்கள், யார் வேண்டுமானாலும் யாருக்கும் வாக்களிக்கலாம். முதல் இரண்டு இடம் பிடித்தவர்கள் மட்டும் நவம்பருக்குப் போவார்கள், இருவரும் ஒரே கட்சியாக இருந்தாலும் சரி. ஜூனில் ஒருவர் 50 சதவீதத்தைத் தாண்டினாலும் நவம்பர் போட்டி உண்டு. ஆனால் நவம்பரில் சீட்டில் இல்லாத ஒருவர் பெயரை எழுதிப் போட்டால் எண்ண மாட்டார்கள். உங்களுக்குப் பிடித்தவர் ஜூனில் மூன்றாவதாக வந்தால் கதை முடிந்தது.

பெயருக்குக் கீழே அச்சாகும் கட்சி, வேட்பாளர் தானே சொன்ன விருப்பம். கட்சி ஆதரவு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

வாக்கு சிதறினால் என்ன ஆகும் என்பதற்கு 2012இன் 31ஆம் தொகுதி. ஜனநாயகக் கட்சிப் பக்கம் சாய்ந்த இடம்தான். அந்தக் கட்சியில் நான்கு பேர், குடியரசுக் கட்சியில் இரண்டே பேர். நால்வரும் வாக்கைப் பங்குபோட, நவம்பரில் மிஞ்சியது கேரி மில்லர், பாப் டட்டன் என்ற இரு குடியரசுக் கட்சியினர்.

அதைவிட நெருக்கம் 2024இன் 16ஆம் தொகுதி. அன்னா எஷூ ஓய்வுபெற்ற இடத்துக்கு 11 பேர். சாம் லிக்கார்டோ முதலிடம். இரண்டாம் இடத்தில் எவன் லோவும் ஜோ சிமிட்டியனும் தலைக்கு 30,249 வாக்கு! அப்படியே விட்டிருந்தால் நவம்பரில் மூன்று பேர். இங்கே தானாக மறு எண்ணிக்கை நடக்காது. ஒரு வாக்காளர் கேட்டுப் பணம் கட்ட வேண்டும். ஒருவர் கேட்டார், எண்ணினார்கள், லோ 5 வாக்கு முன்னால் வந்தார். நவம்பரில் ஜெயித்தது லிக்கார்டோ.

பாலைவனவாசி:
புரிந்தது, நன்றி. வீட்டில் நானும் மனைவியும் தபாலில்தான் போடுவோம். கவனிக்க ஏதாவது? அம்மா கிரீன் கார்டு, அவருக்கு வாக்கு கிடையாதுதானே?

உறைமேல் கையெழுத்து:
மே 4 வாக்கில் சீட்டுகளை அனுப்பத் தொடங்குவார்கள். பதிவுக்குக் கடைசி நாள் மே 18. தவறினால் வாக்கு மையத்துக்கு நேரில் போய் அன்றே பதிந்து வாக்களிக்கலாம், சரிபார்த்த பிறகு எண்ணுவார்கள்.

நல்ல சீட்டு செல்லாமல் போவது பெரும்பாலும் உறையில்தான். கணவன் உறையில் மனைவி, மனைவி உறையில் கணவன் என்று மாற்றிக் கையெழுத்திடுவது சகஜம். ஒட்டுவதற்கு முன் உறைமேல் அச்சான பெயரைப் படியுங்கள். நம்மவர்களுக்கு இன்னொரு சிக்கல்: ஓட்டுநர் உரிமத்தில் தமிழில் கையெழுத்து, உறையில் ஆங்கிலத்தில் முதலெழுத்தோடு கிறுக்கல். பதிவில் இருப்பதோடுதான் ஒப்பிடுவார்கள். பொருந்தாவிட்டால் கவுண்டியிலிருந்து ஒரு படிவம் வரும். அதில் போட்டிருக்கும் தேதிக்குள் கையெழுத்திட்டு அனுப்பினால் வாக்கு பிழைக்கும். சீட்டு எங்கே இருக்கிறது என்று காட்டும் 'வேர்ஸ் மை பேலட்' பக்கத்தில் பதிந்துகொண்டால் குறுஞ்செய்தியிலேயே தெரிந்துவிடும்.

தபால்தலை தேவையில்லை. ஜூன் 2 அல்லது அதற்கு முந்தைய தேதி முத்திரையோடு ஜூன் 9க்குள் சேர்ந்தால் செல்லும். ஆனால் முத்திரை விழுவது தபால் பிரிக்கும் மையத்தில், அது மறுநாள்கூட ஆகலாம். கடைசி நாளில் தெருமுனைத் தபால்பெட்டியை நம்பாதீர்கள். கவுண்டி வைத்திருக்கும் வாக்குப் பெட்டியில் அன்று இரவு 8 வரை போடலாம். தபால்தான் என்றால் தபால் நிலைய கவுண்டரில் கொடுத்து, கண்முன்னே முத்திரை குத்தச் சொல்லுங்கள்.

ஒரு சீட்டுதானே என்று தோன்றினால் 13ஆம் தொகுதியை நினைத்துக்கொள்ளுங்கள். 2022இல் ஜான் டுவார்ட்டே 564 வாக்கில் ஆடம் கிரேயை வென்றார். 2024இல் கிரே 187 வாக்கில் திருப்பினார், அதுவும் டிசம்பர் ஆரம்பத்தில்தான் தெரிந்தது.

முதலிருவர்:
அம்மாவுக்கு வாக்கு இல்லை. தவறிப் பதிவானாலே பின்னால் குடியுரிமை விண்ணப்பத்தில் வில்லங்கம். டி.எம்.வி.யில் (ஓட்டுநர் உரிமம் தரும் அலுவலகம்) உரிமம் புதுப்பிக்கும்போது குடிமகனா என்ற கேள்வியை நீங்கள் பக்கத்தில் இருந்து பாருங்கள், யாரோ அவசரத்தில் 'ஆம்' அழுத்திவிடுவார்கள். நன்கொடை மட்டும் கிரீன் கார்டு உள்ளவர் தரலாம்: ஒரு வேட்பாளருக்கு பிரைமரிக்கு 3,500 டாலர், நவம்பருக்குத் தனியாக 3,500 வரை. எச்1பி விசாவில் இருப்பவர் ஒரு டாலர்கூடத் தரக்கூடாது. சம்பளமில்லாமல் துண்டறிக்கை கொடுக்கப் போகலாம்.