மாசியம் ஏன் கொடுக்கிறோம்? எமலோகம் போகும் வழியில் உள்ள பதினாறு ஊர்கள்

அன்பான ஊரவர்களுக்கு வணக்கம்.

பெரியம்மாவின் எட்டாம் நாள் சடங்கான எட்டுச் செலவு முடிந்த கையோடு பிள்ளைகளில் ஒருவர் கேட்டிருந்தார்: "முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியோடு எல்லாம் முடிந்துவிடும்தானே, பிறகு ஏன் ஒரு வருடம் மாதா மாதம் மாசியம்? இங்கே ஐயரைப் பிடிப்பதே பெரும்பாடு." இறந்தவருக்கு மாதந்தோறும் பிண்டம் வைத்துக் கொடுப்பதைத்தான் மாசியம் என்கிறோம். நியாயமான கேள்வி. "முன்னோர் செய்தார்கள், நாங்களும் செய்கிறோம்" என்று சொல்லித் தட்டிக்கழிக்க எனக்கு மனமில்லை. ஆறுதலாக வாசியுங்கள்.

இதற்குப் பதில் கருட புராணத்தில் இருக்கிறது. அந்தப் பெயரைக் கேட்டதும் எல்லோருக்கும் எண்ணெய்க் கொப்பரைதான் நினைவுக்கு வரும். நரகங்கள் அதில் ஒரு பகுதி. அதற்கு முன்னால் வருகிற வழிப்பயணத்தைப் பற்றி யாரும் கதைப்பதில்லை. என்னைக் கேட்டால் அந்தப் புராணத்தின் உயிரே அங்கேதான் இருக்கிறது.

இறந்தவருக்கு முதலில் உடம்பு கிடையாது. பத்து நாளும் வைக்கிற பிண்டத்தால்தான் அது உருவாகிறது. முதல் நாள் தலை, இரண்டாம் நாள் கழுத்தும் தோளும், மூன்றாம் நாள் நெஞ்சு என்று வந்து, ஒன்பதாம் நாள் பாதம். பத்தாம் நாள் பசியும் தாகமும். பதின்மூன்றாம் நாள் எமதூதர் கயிற்றில் கட்டி, பிடிபட்ட குரங்கைப்போல இழுத்துக்கொண்டு புறப்படுகிறார்கள். தூரம் 86,000 யோசனை (யோசனை என்பது பழைய தூர அளவு). ஒரு நாளுக்கு 247 யோசனை நடை. வகுத்துப் பாருங்கள், ஏறக்குறைய 348 நாள் வரும். முன்னால் போன 13 நாளையும் சேர்த்தால் வருட முடிவில் வருகிற ஆட்டைத் திவசத்துக்குக் கிட்ட வந்துவிடும்.

வழியில் 16 ஊர்கள். முதலாவது சௌமியம். அங்கே புஷ்பபத்திரை என்று ஓர் ஆறு, கரையில் ஓர் ஆலமரம். அதன் கீழே கொஞ்சம் இளைப்பாற விடுகிறார்கள். உட்கார்ந்ததும் துணையும் பிள்ளைகளும் வீடும் நினைவுக்கு வந்து, அவர் அழத் தொடங்குகிறார். முதலாம் மாசியத்துப் பிண்டத்தை அங்கேதான் சாப்பிடுகிறார். அடுத்தது சௌரிபுரம். அங்கே 45ஆம் நாள் கொடுப்பது கிடைக்கிறது. நான்காம் மாதம் கல்மழை பெய்கிற ஊர். ஆறு மாதம் கழிந்தால் வைதரணி, அகலம் 100 யோசனை. ஓடக்காரர் வந்து, "பசு தானம் கொடுத்தாயா? கொடுத்திருந்தால் ஏறு" என்கிறார்கள். இப்படியே போய் எட்டாம் மாதம் துக்கதம், ஒன்பதாம் மாதம் நானாக்கிரந்தம்.

இந்த ஒன்பதாம் மாதத்து ஊரில்தான் நான் நின்றுவிட்டேன். கூட்டம் கூட்டமாகச் சனம் நின்று கதறுகிறது. அதைப் பார்த்து இவரும் நெஞ்சு வெறுமையாகிக் கதறுகிறார். அந்த ஊரைப் பற்றிச் சொல்லியிருப்பது அவ்வளவுதான். செத்தவீடு நடந்த வீட்டில் இருந்தவர்களுக்கு இது விளங்கும். முதல் மாதம் சனம் வந்து போகும், சாப்பாடு வரும், ரெலிபோன் ஓயாது. ஒன்பதாம் மாதம் யாரும் வருவதில்லை. மற்றவர்கள் எல்லோரும் தங்கள் அலுவலைப் பார்க்கப் போய்விட்ட அந்த நேரத்தில்தான் அழுகை திரும்பி வந்து பிடிக்கும். இதை எழுதியவர் யாராயிருந்தாலும் ஒரு வருடம் துக்கம் காத்தவர் என்றே நம்புகிறேன்.

இப்போது கணக்கைப் பாருங்கள். மாதத்துக்கு ஒன்றாக மாசியம் 12. மாதம் நிறையுமுன் கொடுக்கிற ஊனமாசியம் போன்று இடையில் வருபவை 4. கூட்டினால் 16. எங்கள் துக்க நாட்களை ஒவ்வொன்றாக எடுத்து, அந்த இடத்தில் ஓர் ஊரை வைத்திருக்கிறார்கள். பிரிந்தவர் நடக்கிற பாதையும் நாங்கள் கடக்கிற வருடமும் ஒன்றுதான். இங்கே ஒரு பிடி சோறு வைக்கிற நாளில் அங்கே ஒருவர் ஓர் ஊரில் இருந்து சாப்பிடுகிறார். மாசியம் நின்றால் அந்த ஊரில் அவர் பட்டினி.

பன்னிரண்டாம் மாதம் சீதாட்டியம். இமயத்தைவிட நூறு மடங்கு குளிர். பசியோடு நடுங்கிக்கொண்டு, என் துன்பம் தீர்க்கச் சொந்தக்காரர் யாராவது இருக்கிறார்களா என்று அவர் பத்துத் திசையும் பார்க்கிறாராம். அந்தப் பத்துத் திசையிலும் இருப்பது நாங்கள்தானே. ரொறன்ரோ, பாரிஸ், லண்டன், ஒஸ்லோ, மெல்பேர்ன். விசா கிடைக்காமல், வழக்கு முடியாமல், அம்மாவின் செத்தவீட்டை லைவில் பார்த்தவர்கள் இந்தக் குழுவிலேயே இருக்கிறார்கள். பிள்ளைகளே, உங்களுக்குத்தான் முக்கியமாகச் சொல்கிறேன்: சுடலைக்குப் போக முடியாமல் போனதோடு எல்லாம் தவறிவிடவில்லை. இன்னும் ஒரு வருடப் பாதை இருக்கிறது. ஐயர் கிடைத்தால் அரிசி காய்கறி கொடுங்கள். கிடைக்காவிட்டால் சோறு, பருப்பு, அவருக்குப் பிடித்த ஒரு கறி, படத்துக்கு முன்னால் ஒரு விளக்கு. அன்றைக்கு வீட்டில் அவரைப் பற்றிக் கதையுங்கள்.

ஒரு விடயத்தில் மட்டும் எனக்கு உடன்பாடில்லை. சொந்தக்காரர் விடுகிற கண்ணீரும் சளியும் இறந்தவரின் வாயில் விழும், அதனால் அழாதே என்று யாஞ்ஞவல்கிய ஸ்மிருதி சொல்கிறது. எங்கள் ஊர்ப் பெண்கள் அதைக் கேட்கவில்லை. கேட்காதது நல்லது. ஒருவரை ஒருவர் கட்டிப்பிடித்து, வட்டமாக இருந்து, தாங்கள் பறிகொடுத்தவர்களையும் சேர்த்துச் சொல்லி ஒப்பாரி வைத்தார்கள். அந்த அழுகையைத்தான், இறந்தவர் நினைவாக வெளியிடுகிற கல்வெட்டு என்ற சிறு புத்தகத்திலும் அச்சடித்தோம். வீட்டில் பழைய கல்வெட்டு இருந்தால் எடுத்துப் பாருங்கள். பஞ்ச புராணம் என்கிற தேவாரத் திருமுறைப் பாடல்கள், இறந்த திதியைச் சொல்கிற திதி வெண்பா, அவருடைய வரலாறு, அப்புறம் மனைவி புலம்பல், மக்கள் புலம்பல், மருமக்கள் புலம்பல், பேரப்பிள்ளைகள் புலம்பல். ஒவ்வொரு உறவுக்கும் ஒரு பக்கம். இந்த வழக்கத்தை விட்டுவிடக் கூடாது. நன்றி நவிலலையும் நாலு படத்தையும் போட்டு முடிக்கிற இப்போதைய கல்வெட்டுகளில் எனக்கு மனம் ஒட்டுவதில்லை.

பெரியம்மாவின் கல்வெட்டு அந்தியேட்டியன்று ஊரிலும், அதே நாளில் இங்கேயும் கொடுக்கப்படும். மக்கள், மருமக்கள் பக்கங்கள் வந்துவிட்டன. பேரப்பிள்ளைகள் பக்கம் இன்னும் வெறுமையாக இருக்கிறது. தமிழ் எழுத வராதவர்கள் குரலில் பதிந்து அனுப்புங்கள், பிரெஞ்சிலோ நோர்வே மொழியிலோ சொன்னாலும் பரவாயில்லை. அவர் உங்களை என்ன சொல்லிக் கூப்பிட்டார், என்ன சமைத்துத் தந்தார், கடைசியாக என்ன கதைத்தார், அது போதும். பாட்டாக்குவது என் பொறுப்பு. ஞாயிற்றுக்கிழமைக்குள் அனுப்பினால் அச்சகத்துக்குக் கொடுத்துவிடலாம்.

அன்புடன்,
கல்வெட்டு வேலை பார்ப்பவர்கள் சார்பில்