மழையில் போர்ட்ரெய்ட்: கொட்டுகிற மழை படத்தில் ஏன் தெரிவதில்லை?

முதலில் இதைச் சொல்லிவிடலாம். மழைத்துளி கண்ணாடி மாதிரி. முன்னாலிருந்து வெளிச்சம் அடித்தால் தன் பின்னால் இருப்பதையே காட்டிவிட்டு மறைந்துகொள்ளும். பின்னாலிருந்து வெளிச்சம் பட வேண்டும், அதற்கும் பின்னே இருட்டு வேண்டும். அப்போதுதான் வெள்ளைக் கோடாகத் தெரியும். வெளிறிய வானத்தை ஃபிரேமுக்குள் விடாதீர்கள். அடர்ந்த மாமரம், ஓட்டுக் கூரையின் நிழல், பாசி படிந்த மதில், ஏதாவது ஒன்று போதும்.

ஷட்டர், அதாவது சென்சாருக்கு வெளிச்சம் விடும் நேரத்தின் கணக்கு: 2 மி.மீ. துளி நொடிக்குச் சுமார் 6.5 மீட்டர் வேகத்தில் விழுகிறது. 1/60 நொடியில் அது 10 செ.மீ.க்கு மேல் இறங்கிவிடும். 1/250-ல் 2.5 செ.மீ. 1/1000-ல் அரை சென்டிமீட்டர் சொச்சம். ஆள் அசையாமல் நிற்பார் என்றால் 1/125 வையுங்கள். 1/1000-ல் மழை, சென்சாரில் ஒட்டிய தூசி மாதிரி இருக்கும்.

*

கோடாக இல்லாமல் துளித்துளியாக வேண்டுமா, ஒரு ஃபிளாஷ். ஆளுக்கு 2 மீட்டர் பின்னால், கேமராவைப் பார்த்தபடி, அவர் உடம்பே அதை மறைக்கும்படி வைக்க வேண்டும். பவர், முழு அளவில் 1/16 அல்லது 1/32 பங்கு. பவர் குறையக் குறைய ஃபிளாஷ் எரியும் நேரமும் சுருங்கும். ஷட்டர் 1/200 இருந்தாலும் துளிகள் உறைந்து நிற்கும். முழு பவரில் அது நடக்காது.

கேமரா தலையில் இருக்கும் ஃபிளாஷைப் போடவே போடாதீர்கள். லென்ஸுக்குப் பக்கத்தில் விழும் துளிகள்தான் அதிக வெளிச்சம் வாங்கும். ஃபோகஸில் இல்லாததால் முகத்தின் மேல் வெள்ளை வட்டங்களாக வந்து உட்காரும். ஃபிளாஷுக்கும், அதைத் தூரத்திலிருந்து எரிக்கும் டிரிக்கருக்கும் ஜிப் வைத்த பிளாஸ்டிக் கவர் போதும். தண்ணீர் புகுந்த ஃபிளாஷைத் திறந்து பார்க்க வேண்டாம், உள்ளே மின்சாரம் சேமிக்கும் கெப்பாசிட்டரில் சில நூறு வோல்ட் தங்கியிருக்கும்.

*

ஃபிளாஷ் போட்ட மழை கொஞ்சம் ஸ்டூடியோ வாசனை அடிக்கும், என் கட்சி வேறு. நவம்பரில் சென்னையில் 5.40 வாக்கில் சூரியன் மறைகிறது. அதற்கடுத்த கால் மணி நேரம்தான் பொன்னானது: வானம் நீலம், டீக்கடை பல்பு மஞ்சள். 85 எம்எம் லென்ஸ், துவாரம் எஃப்/2, ஷட்டர் 1/125, வெளிச்ச உணர்திறன் ஐஎஸ்ஓ 3200. பின்வெளிச்சத்துக்கு டூவீலர் ஹெட்லைட்டே போதும், லோ பீமில். ஆட்டோ ஃபோகஸ் நடுவில் விழும் துளியைப் பிடித்துக்கொண்டு அலையும். கண்ணைத் தானே தேடிப் பிடிக்கும் ஐ-ஏஎஃப் இல்லாத கேமராவில் கண் மேல் ஒற்றைப் புள்ளி வைத்துப் பூட்டிவிடுங்கள்.

*

கேமராவையே பேசிக்கொண்டிருந்தால், நனைகிறவரை யார் பார்ப்பது? வெள்ளைப் பருத்தி நனைந்தால் உள்ளே இருப்பதைக் காட்டிவிடும். அடர் நிறம், உள்பாவாடை, லைனிங் இருக்கட்டும். சிவப்புக் குடை முகத்தையும் சிவப்பாக்கும், கறுப்புக் குடை கண்ணுக்குக் கீழே குழி பறிக்கும். மடியில் ஒரு வெள்ளைத் துண்டை விரித்தாலே நிழல் குறையும். பத்து நிமிடத்துக்கு ஒரு தடவை நிறுத்தித் துவட்டச் சொல்லுங்கள். உதடு வெளிறினால் அன்றைக்கு அவ்வளவுதான். மின்னலுக்கும் இடிக்கும் இடையே 30 நொடிக்குக் குறைவா, கட்டிடத்துக்குள் போய்விடுங்கள். மரத்தடி வேண்டவே வேண்டாம்.

*

ஏசி காரிலிருந்து கேமராவை நேரே வெளியே எடுத்தால் லென்ஸ் பனித்துப்போகும். மூடிய பையிலேயே 20–30 நிமிடம் வெளிக்காற்றுச் சூட்டுக்கு வரட்டும். நீண்டு சுருங்கும் ஜூம் லென்ஸ் ஈரக்காற்றை உள்ளே இழுக்கும், ஜூம் ஆகாத பிரைம் லென்ஸ்தான் நல்லது. கேமராவை மூட பாலித்தீன் பையில் ஓட்டை போட்டு லென்ஸை நீட்டி, லென்ஸ் முனையில் மாட்டும் ஹுட் மேல் ரப்பர் பேண்ட். மழையில் லென்ஸ் மாற்றுவது கூடாது. வீட்டில் 40–50 சதவீத ஈரப்பதத்தில் வைக்காவிட்டால் நம்மூரில் பூஞ்சை நிச்சயம்.

*

மழையே பெய்யாவிட்டால்? நியூசிலாந்துப் புகைப்படக்காரர் பிரையன் பிரேக் 1960-ல் கல்கத்தாவில் எடுத்த மழைப்பெண் படத்தை எடுத்துப் பாருங்கள். அதில் இருப்பவர் பின்னாளில் இயக்குநரான அபர்ணா சென். மொட்டை மாடி, சிவப்புப் புடவை, பசை வைத்து ஒட்டிய பச்சை மூக்குத்தி. மழை, பூவாளியிலிருந்து ஊற்றியது! அந்தப் படத்தின் நெருக்கத்தைக் கவனியுங்கள்: முகம் மட்டும்தான், ஆகவே ஒரு பூவாளி போதுமானது. முழு உருவம் என்றால் ஹோஸ் பைப்பை வானத்தைப் பார்த்துப் பிடித்து, தண்ணீர் தானாக விழும்படி விட வேண்டும். சுள்ளென்று வெயில் அடிக்கும்போது செய்யாதீர்கள், தரையில் விழும் நிழல் காட்டிக்கொடுத்துவிடும்.