மத்திய அரசு நிறுவனத்தின் கிடங்குக்குச் சொத்து வரி உண்டா?

வார்டு உறுப்பினர்:
எங்கள் நகராட்சியில் மத்திய அரசின் பொதுத்துறை நிறுவனம் ஒன்றுக்குப் பெரிய கிடங்கு இருக்கிறது. லாரிகள் போய்வந்து அந்தத் தெருவே குண்டும் குழியுமாகிவிட்டது. ஒன்பது அரையாண்டுகளாகச் சொத்து வரி பாக்கி. கேட்பு அறிவிப்பு அனுப்பினால், ‘நாங்கள் மத்திய அரசு, அரசியலமைப்பின் 285ஆவது பிரிவின்படி எங்களுக்கு விலக்கு’ என்று பதில் வருகிறது. அதே தெருவில் இட்லிக் கடை நடத்தும் அம்மா ஒரு தவணையும் தவறவிட்டதில்லை. அவருக்கு நான் என்ன பதில் சொல்வது?

ஓய்வு பெற்ற வருவாய் அலுவலர்:
அந்தப் பதிலுக்கு மயங்கிவிடாதீர்கள். 285ஆவது பிரிவு காப்பது ஒன்றியத்தின், அதாவது மத்திய அரசின், சொத்தை. சட்டம் இயற்றியோ கம்பெனியாகப் பதிவு செய்தோ அரசு உருவாக்கிய நிறுவனம் தனி ஆள். அதன் சொத்தும் தனி. மத்திய அரசின் நிலக்கரி நிறுவனத்திடம் வரி கேட்ட கோர்பா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான். கல்கத்தா விமான நிலையத்துக்கு டம்டம் நகராட்சி வரி கேட்ட வழக்கில் 1995இலும் அதே முடிவு. உங்களுக்கு மிக நெருக்கமானது இந்திய உணவுக் கழகத்துக்கும் ஜலாலாபாத் நகராட்சிக் குழுவுக்கும் நடந்த வழக்கு. கழகம் வரி கட்டத்தான் வேண்டும் என்று 1999இல் தீர்ப்பானது.

பொதுத்துறைக் கணக்காளர்:
பங்கு முழுவதும் குடியரசுத் தலைவர் பெயரில் இருக்கிறது, லாபமும் அரசுக்கே போகிறது. பிறகு எப்படி ஐயா தனி ஆள்?

ஓய்வு பெற்ற வருவாய் அலுவலர்:
பங்கு வைத்திருப்பவர் கம்பெனியின் நிலத்துக்கு உரிமையாளர் ஆகிவிட மாட்டார். கோர்பா வழக்கிலும் பங்கு முழுவதும் மத்திய அரசிடமே இருந்தது. எளிதாகப் புரிய வேண்டுமானால் அஞ்சலகத்தையும் தொலைபேசி நிலையத்தையும் பாருங்கள். அஞ்சல் இன்றும் அரசுத் துறை. தொலைபேசியோ 2000 அக்டோபர் 1 முதல் பி.எஸ்.என்.எல். என்ற கம்பெனி.

வார்டு உறுப்பினருக்கு ஓர் எச்சரிக்கை. அடுத்து அவர்கள், ‘சேவைக் கட்டணம் மட்டும் தருகிறோம்’ என்று இறங்கி வரக்கூடும். ராஜ்கோட் மாநகராட்சி வழக்கில் 2009இல் வகுக்கப்பட்ட அந்த ஏற்பாடு ஒன்றியத்தின் சொந்தக் கட்டடங்களுக்கானது. நகராட்சியின் சேவைகளை முழுவதும் பெற்றால் சொத்து வரியில் 75 சதவீதம், ஓரளவு பெற்றால் 50, எதுவும் பெறாவிட்டால் மூன்றில் ஒரு பங்கு. நிறுவனத்துக்கு அந்தச் சலுகை இல்லை. முதலில் பத்திரம் யார் பெயரில் இருக்கிறது என்று பாருங்கள். நிலம் இன்னும் ஒன்றியத்தின் பெயரிலேயே இருந்தால் வழக்கு வேறு திசையில் போகும்.

வார்டு உறுப்பினர்:
இன்று சார் பதிவாளர் அலுவலகம் போய்ப் பத்திர நகல் வாங்கிவிட்டேன். நிலம் நிறுவனத்தின் பெயரில்தான் இருக்கிறது. ஜலாலாபாத் தீர்ப்பையும் சேர்த்து ஆணையரிடம் மனு கொடுத்திருக்கிறேன். பணம் வந்தால் முதல் செலவு கிடங்குத் தெரு வடிகாலுக்குத்தான். திரும்பும் வழியில் இட்லிக் கடை அம்மாவிடமும் அதைச் சொல்லிவிட்டு வந்தேன்.