ஜேம்ஸ் ஜாய்ஸ் பாடகரா? அந்த வெண்கலப் பதக்கம் பற்றி

சுருதிப்பெட்டி:
"அயர்லாந்து எழுத்தாளர் ஜாய்ஸ் நாவலாசிரியர் மட்டும்தான், பாட்டும் பத்திரிகையும் வெறும் பொழுதுபோக்கு" என்று நேற்று இங்கே ஒருவர் எழுதியிருக்கிறார். படித்ததிலிருந்து எரிச்சல் அடங்கவில்லை. 1904 மே மாதம் டப்ளின் ஃபெஷ் கியோல் இசைப் போட்டியில் டெனர் (உச்ச ஆண்குரல்) பிரிவில் வெண்கலம் வாங்கியவர் அவர். நடுவர் யார் தெரியுமா? 'ஃபுனிகுலி ஃபுனிகுலா' என்ற புகழ்பெற்ற இத்தாலியப் பாட்டுக்கு மெட்டுப் போட்ட லூயிஜி டென்சா. முந்தைய ஆண்டு அதே பிரிவில் தங்கம் வாங்கியவர் பின்னால் உலகப் புகழ் பெற்ற பாடகர் ஜான் மெக்கார்மக். இதுவா பொழுதுபோக்கு?

கரிகாலன்77:
எழுதியது நான்தான், பெயரைச் சொல்லியே கேட்கலாம். தங்கம் ஏன் கிடைக்கவில்லை என்பதை மட்டும் விட்டுவிட்டீர்களே. முன்பின் பார்க்காத ஸ்வரத்தாளைக் கையில் கொடுத்துப் பாடச் சொன்னதும் மேடையை விட்டு இறங்கிப் போய்விட்டார். தாளைப் பார்த்துப் பாட வராதவர் என்ன பாடகர்?

சுருதிப்பெட்டி:
அதற்கு முன் பாட வேண்டிய இரண்டு பாட்டையும் பாடி முடித்துவிட்டார். அதைக் கேட்ட டென்சா, இவர் முறையாகப் படிக்க வேண்டும் என்று பரிந்துரைத்தார். பல்மியேரி என்ற பாட்டு வாத்தியார் மூன்று வருடம் காசு வாங்காமல் சொல்லித் தருகிறேன், பிறகு பத்து வருடக் கச்சேரி வருமானத்தில் பங்கு கொடுத்தால் போதும் என்றார். ஒன்றும் தெரியாதவனுக்கு எந்த வாத்தியார் அப்படிக் கேட்பார்?

கரிகாலன்77:
இறங்கிப் போனாரா, இல்லையா?

பழையபேப்பர்:
பத்திரிகை வேலையை இரண்டு பேருமே மறந்துவிட்டீர்கள். 1903 ஏப்ரலில் ஐரிஷ் டைம்ஸில் பிரெஞ்சு கார் பந்தய வீரர் ஒருவரின் பேட்டியை எழுதியவர் ஜாய்ஸ். டப்ளின் டெய்லி எக்ஸ்பிரஸில் புத்தக விமர்சனம். 1907 முதல் 1912 வரை திரியெஸ்டே நகரின் 'இல் பிக்கோலோ டெல்லா சேரா' நாளிதழில் அயர்லாந்து அரசியல் பற்றி இத்தாலிய மொழியிலேயே கட்டுரைகள். வேற்று மொழியில் அரசியல் எழுதுவது விளையாட்டா?

கரிகாலன்77:
வாடகை கொடுக்க எழுதியது. கையில் காசில்லாதவர் எதையும் எழுதுவார்.

பழையபேப்பர்:
காசுக்கு எழுதினால் பத்திரிகையாளர் இல்லை என்றால், உலகத்தில் ஒரு பத்திரிகையாளரும் மிஞ்ச மாட்டார்.

மரகதத்தீவு:
1909 டிசம்பரில் டப்ளின் மேரி தெருவில் வோல்டா என்று சினிமா கொட்டகையும் திறந்தார். அதையும் சேருங்கள்.

கரிகாலன்77:
சில மாதத்தில் கைமாறிய கொட்டகை! அதையும் தொழில் என்று எழுதுங்கள். பதக்கத்தைக் கூட அவர் மதிக்கவில்லை, டப்ளினின் லிஃபி ஆற்றில் வீசினார் என்பார்களே.

சுருதிப்பெட்டி:
அது கட்டுக்கதை. பதக்கம் பிழைத்திருந்து பின்னால் ஏலத்துக்கே வந்தது. கவிஞர் யேட்ஸ் பற்றிய விவாதத் திரியிலும் இப்படித்தான் கேள்விப்பட்டதை எல்லாம் உண்மையாக்கப் பார்த்தீர்கள், நான் மறக்கவில்லை.

கரிகாலன்77:
யேட்ஸை ஏன் இழுக்கிறீர்கள்? அன்றைக்குப் பதில் சொல்ல முடியாமல் ஓடியது நீங்கள்.

சுருதிப்பெட்டி:
ஓடவில்லை. உங்கள் தரத்துக்கு இறங்கப் பிடிக்கவில்லை. சரி, இதற்குப் பதில் சொல்லுங்கள். 1904 ஆகஸ்ட் 27, டப்ளினின் ஏன்ஷியன்ட் கான்சர்ட் ரூம்ஸ் அரங்கு. மெக்கார்மக் பாடிய அதே நிகழ்ச்சி. பக்கவாத்தியத்துக்கு வந்த பியானோக்காரர் பாதியில் கிளம்பிவிட்டார். ஜாய்ஸ் தானே பியானோ முன் உட்கார்ந்து, தானே வாசித்துத் தானே பாடி முடித்தார். கூட்டத்துக்கு முன்னால் அதைச் செய்தவரை இசை தெரியாதவர் என்கிறீர்கள்!

கரிகாலன்77:
மனப்பாடமான பாட்டை யாரும் வாசித்துப் பாடுவார்கள். புதுத் தாளைக் கொடுத்தபோது என்ன ஆயிற்று என்றுதான் கேட்கிறேன்.

மரகதத்தீவு:
ஜாய்ஸின் 'யுலிஸ்ஸஸ்' நாவலில் ஆர்மண்ட் ஹோட்டல் அத்தியாயத்தைப் படித்துவிட்டு வந்து பேசுங்கள் இரண்டு பேரும். பாட்டு இல்லாமல் அந்த அத்தியாயமே இல்லை.

கரிகாலன்77:
அது நாவல். நாவலாசிரியர் என்றுதான் முதலிலிருந்து நானும் சொல்கிறேன்.

சுருதிப்பெட்டி:
பாடத் தெரியாதவரால் அந்த அத்தியாயத்தை எழுத முடியாது. பல்மியேரி விஷயத்துக்கு இன்னும் பதில் வரவில்லை. மூன்று வருடம் இலவசம், கரிகாலன். மூன்று வருடம்.