தீப்பட்ட கான்கிரீட் தளம்: பொறியாளர்களின் ஆலோசனை தேவை

மண்டபம் என்னும் ஊரில் கடற்கரையை ஒட்டியுள்ள எங்கள் வலைக் கிடங்கில் சென்ற மாதம் தீப்பிடித்து, நைலான் வலைகளும் தெர்மாகோல் பெட்டிகளும் இரண்டு மணி நேரம் எரிந்தன. மேல்தளத்தின் அடியில் காரை பெயர்ந்து கம்பிகள் தெரிகின்றன; பெயராத இடங்கள் இளஞ்சிவப்பாக மாறியுள்ளன. கான்கிரீட்டின் சூடு 300 டிகிரி செல்சியசைக் கடந்தால் இந்நிறம் தோன்றக்கூடும் என்பதையும், 600 டிகிரியை நெருங்கும்போது ஏறத்தாழப் பாதி வலுவை இழக்கும் கம்பி ஆறியபின் அதைப் பெருமளவு மீட்டுக்கொண்டாலும், கான்கிரீட் அவ்வாறு மீள்வதில்லை என்பதையும் அறிவேன். பூசி வெள்ளையடித்தால் போதும் என்கிறார் கொத்தனார். எனக்கு மனம் ஒப்பவில்லை. உப்புக்காற்றில் முன்பே ஏறிய துருவின் சேதத்தையும் தீயின் சேதத்தையும் எவ்வாறு பிரித்தறிவது? கான்கிரீட்டைத் தட்டி வலுவைக் கணிக்கும் சுத்தியல் சோதனை மேற்பரப்பை மட்டுமே காட்டும் என்பதால், எத்தனை இடங்களில் துளைத்து மாதிரி எடுக்க வேண்டும் என்பதையும், அதுவரை தளத்திற்கு முட்டுக் கொடுப்பது அவசியமா என்பதையும் தெரிவித்து உதவுமாறு கேட்டுக்கொள்கிறேன்.