ராமானுஜன் காலேஜில் எங்களுக்குக் கிடைத்த இன்னொரு கதை

கும்பகோணம் அரசுக் கலைக் கல்லூரியில் கணக்குப் படித்தேன் என்றால் போதும், "ஓ, ராமானுஜன் காலேஜா!" என்பார்கள். ஆமாம்தான். 1904-இல் உதவித்தொகையோடு சேர்ந்தவர், ஆங்கிலத்தில் கோட்டைவிட்டு அந்தத் தொகையை இழந்து, மறு வருடமே வெளியேறினார் என்பதையும் நான் விடாமல் சொல்வேன். கேட்டவர் முகம் சட்டென்று மாறும்.

1854-இல் பள்ளிக்கூடமாகத் தொடங்கி, 1867-இல் கல்லூரியாகி, 'தென்னிந்தியாவின் கேம்பிரிட்ஜ்' என்று பெயர் எடுத்ததெல்லாம் ஆண்டு விழாவில் தவறாமல் காதில் விழும். மனதில் நின்றது வேறு.

பொதுத்தமிழ் வகுப்பு, மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு. பாதிப் பேர் தூக்கம். எங்கள் ஐயா புத்தகத்தை மூடிவைத்துவிட்டு, "உங்க கணக்குப் புலியை ஊரே கொண்டாடுது. எங்க சாமிநாதையரை எத்தனை பேருக்குத் தெரியும்?" என்று ஆரம்பித்தார்.

1880-இல் இங்கே தமிழ்ப் பண்டிதராக இருந்த தியாகராச செட்டியார் ஓய்வு பெறும்போது, தன் இடத்துக்கு உ.வே.சா.வைச் சிபாரிசு செய்தார். இருவரும் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் மாணவர்கள். சம்பளம் மாதம் 50 ரூபாய். அதே வருடம் ஊருக்கு முன்சீப்பாக வந்த சேலம் இராமசுவாமி முதலியாரைப் பார்க்கப் போனார். என்னென்ன படித்திருக்கிறீர்கள் என்று கேட்க, இவர் அந்தாதி, பிள்ளைத்தமிழ், கோவை என்று அடுக்கினார். முதலியார் அசரவே இல்லை. "இதெல்லாம் படித்து என்ன பிரயோசனம்? சீவக சிந்தாமணி படித்ததுண்டா?" என்கிற தோரணையில் கேட்டாராம். அந்தக் குத்தல்தான் ஏட்டுச்சுவடிகளிடம் கொண்டுபோய் விட்டது. சமண நூலாயிற்றே, சந்தேகம் வந்தால் கும்பகோணத்துச் சமணர்களிடமே போய்க் கேட்டார். 1887-இல் சிந்தாமணி அச்சேறியது. ராமானுஜன் பிறந்ததும் அந்த வருடம்தான்! அப்புறம் பத்துப்பாட்டு, சிலப்பதிகாரம், புறநானூறு, மணிமேகலை எல்லாமே இங்கே வேலை பார்த்துக்கொண்டு பதிப்பித்தவை. என்னைக் கேட்டால், கல்லூரி மார்தட்டிக்கொள்ள வேண்டியது இதற்குத்தான். ராமானுஜனை நாம் தக்கவைத்துக்கொள்ளவில்லையே.

1903-இல் ஐயர் சென்னை மாநிலக் கல்லூரிக்கு மாறிப் போனார், மறு வருடம் ராமானுஜன் வந்தார் என்று முடித்ததும், கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் எழுந்தான்.

"ஐயா, ஐயர் இங்கேயே இருந்திருந்தா ராமானுஜனைக் காப்பாத்தியிருப்பாரா?"

"அவன் கோட்டைவிட்டது இங்கிலீஷ்லடா. ஐயருக்கே இங்கிலீஷ் வராது, உட்காரு!"