கனவில் சொற்கள் தொக்கு நிற்கும் விதம்: ‘செறிவாக்கம்’ என்ற பரிந்துரைக்கு ஒரு மாற்று

அன்புள்ள குழு நண்பர்களுக்கு,

வணக்கம். உளப்பகுப்பாய்வை நிறுவிய சிக்மண்ட் பிராய்டு 1900ஆம் ஆண்டிட்டு வெளியிட்ட, நாம் மொழிபெயர்த்துவரும் கனவு விளக்க நூலின் ஆறாம் இயலில் ‘ஃபெர்டிக்டுங்’ என்ற ஜெர்மன் சொல் வருகிறது. பல எண்ணங்கள் கனவில் ஒரே காட்சியாகத் திரள்வதை அது குறிக்கிறது. அதற்குச் சென்ற வாரம் ‘சுருக்கம்’, ‘செறிவாக்கம்’ என இரு பரிந்துரைகள் வந்தன. இரண்டிலும் எனக்கு மனம் ஒப்பவில்லை. சுருக்கம் எழுதுபவர் முதன்மையானதை வைத்துக்கொண்டு மற்றதைத் தள்ளுகிறார். கனவு அப்படிச் செய்வதில்லை, அற்பமாகத் தோன்றும் ஒன்றின் மேல் பல நினைவுகளை ஏற்றிவிடுகிறது. அரைப் பக்கத்தில் எழுதிவிடக்கூடிய கனவுக்கு அடியில் இருக்கும் எண்ணங்களை எழுதினால் ஆறு, எட்டு, பன்னிரண்டு மடங்கு இடம் பிடிக்கும் என்கிறார் பிராய்டு. ‘செறிவாக்கம்’ இதற்கு ஓரளவு பொருந்தினாலும், பாலைக் காய்ச்சிக் கெட்டியாக்குவது போன்ற படிமத்தையே தருகிறது. மறைந்திருப்பது மறைந்தபடியே வேலை செய்கிறது என்ற உயிர்நிலையான கருத்து அதில் இல்லை.

அந்தக் கருத்து நம் இலக்கணத்தில் இருக்கிறது. ‘பரிசல் ஓட்டினான்’ என்னும்போது ‘ஐ’ உருபு காதில் விழுவதில்லை. ஆயினும் பரிசல் ஓட்டப்பட்டது, பரிசல் யாரையும் ஓட்டவில்லை என்பதில் கேட்பவருக்கு ஐயமே எழுவதில்லை. உருபு இல்லாமற் போகவில்லை, தொக்கு நிற்கிறது என்று பள்ளியில் படித்தோம். தொகைநிலைத் தொடரை ‘ஒருமொழிபோல் நடப்பன’ என்கிறது நன்னூல். பல எண்ணங்கள் ஒற்றைக் காட்சியாக நடப்பதைச் சொல்ல இதைவிடப் பொருத்தமான தொடர் எனக்குத் தெரியவில்லை. எனவே ‘தொகுதல்’ என்பதை முன்மொழிகிறேன். இது தன்வினை என்பது முக்கியம். ‘தொகுத்தல்’ என்றால் தொகுப்பவர் ஒருவர் வேண்டும். கனவில் ‘நான்’ என்று சொல்லிக்கொள்ளும் தன்னிலை அந்த வேலையைச் செய்வதில்லை, விழித்த பிறகு அதன் விளைவைக் கண்டு திகைக்கிறது.

ஓர் எடுத்துக்காட்டு. தேன்கனிக்கோட்டைப் பக்கம் பிறந்த எங்களுக்கு வீட்டில் தெலுங்கு, பள்ளியில் தமிழ், சந்தையில் கன்னடமும் உண்டு. மகன் வெளிநாட்டு வேலைக்குப் புறப்படுவதற்கு முந்தைய இரவு என் அக்கா கண்ட கனவை, அவர் இசைவுடன் எழுதுகிறேன். ஒகேனக்கல்லில் புகை மூட்டத்துக்கு நடுவே ஒரு பாறையில் மகன் முதுகைக் காட்டி நிற்கிறான், அவ்வளவுதான் கனவு. மறுநாள் அவரே ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்தார். ஒகேனக்கல் என்ற பெயரிலேயே கன்னடத்தின் ‘ஹொகெ’, புகை, இருக்கிறது. அதே புகை எங்கள் வீட்டுத் தெலுங்கில் ‘பொக’. அதைச் சொல்லும்போதே அக்கா நிறுத்திவிட்டார். தமிழில் ‘போக’ என்று சொல்லத்தான் பல நாளாக வாய் வரவில்லை என்றார். பிறகு கல். சிறுவயதில் தருமபுரி அகழ்வைப்பகத்தில் பார்த்த நடுகற்கள் நினைவுக்கு வந்தன என்றார். திரும்பி வராதவனுக்கு நடும் கல் அது. இதை நான் ஊகித்து ஏற்றிச் சொல்லவில்லை. மூன்று மொழிகளும் ஓர் அச்சமும் அந்த ஒரு பாறையில் தொக்கு நின்றன, அவர் பேச்சில் விரிந்தன.

இங்கே, சொல்லில் இல்லாத ஒன்றைக் குறிக்கும் அன்மொழித்தொகையை நினைக்காமல் இருக்க முடியவில்லை. ‘பொற்றொடி வந்தாள்’ என்பதில் பொன்னும் தொடியும் சொல்லில் உள்ளன. வந்தவளுக்குத் தனிச்சொல் இல்லை. அக்காவின் கனவிலும் புகை இருந்தது, கல் இருந்தது; ‘போகாதே’ இல்லை.

‘உருவகம்’ என்றே சொல்லிவிடலாம் என்ற கருத்துக்கு என் மறுப்பு இது. 1957இல் ஆற்றிய உரையில் பிரெஞ்சு உளப்பகுப்பாய்வாளர் ழாக் லக்கான் பிராய்டின் இந்தச் சொல்லை உருவகத்தோடும், ஒன்றின் அழுத்தம் கனவில் வேறொன்றின் மேல் மாறி விழும் இடப்பெயர்வை ஆகுபெயரோடும் இணைத்தார் என்பது உண்மை. ஆனால் அதற்கு ஓராண்டு முன்பு மொழியியலாளர் ரோமன் யாக்கப்சன் இரண்டையுமே ஆகுபெயரின் பக்கம்தான் வைத்திருந்தார். அறிஞர்கள் வழக்காடும் ஒன்றைக் கலைச்சொல்லே தீர்த்துவைக்கக் கூடாது. தொகையிலோ உவமைத்தொகையும் உண்டு, வேற்றுமைத்தொகையும் உண்டு; எப்பக்கமும் சாயாது.

இன்னொன்றையும் சொல்ல ஆசை. ‘ஃபெர்டிக்டுங்’ என்பதற்குள் கவிதையைக் குறிக்கும் ‘டிக்டுங்’ ஒலிப்பதை லக்கான் அதே உரையில் சுட்டுகிறார். குறுந்தொகையும் கலித்தொகையும் உள்ள மொழியில் ‘தொகை’க்குள்ளும் கவிதை ஒலிக்கிறது.

கிருஷ்ணகிரியிலிருந்து

---

அம்மா, வணக்கம்.

தங்கள் வாதம் எனக்கு உடன்பாடே. கனவைப் படித்தபோது சற்று நேரம் மேலே படிக்க இயலவில்லை. ஆனால் ‘தொகுதல்’, ‘தொகுத்தல்’ இரண்டும் ஓர் எழுத்தில் வேறுபடுகின்றன. தன்வினை பிறவினை வேறுபாட்டை இன்றைய மாணவர் கவனிப்பார் என்று நம்பி ஒரு கலைச்சொல்லை நிறுத்த முடியுமா? நான் பாடம் நடத்தும் வகுப்பில் பத்துப் பேரில் ஒன்பது பேர் ‘தொகுப்பு’ என்றே எழுதுவார்கள். ‘தொகை’ என்று மட்டும் வைத்தால் பணம்தான் நினைவுக்கு வரும். மேலும், கனவுக்கு விளக்கம் சொல்வதைக் குறிக்க இதற்கு இணையான சொல் என்ன?

தருமபுரியிலிருந்து

---

ஐயா,

வகுப்பறை அனுபவத்திலிருந்து எழுந்த ஐயம் என்பதால் ஏற்கிறேன். தலைச்சொல்லாக ‘தொகைநிலை’ என்றே வைப்போம். பத்தாம் வகுப்பு வரை படித்தவருக்குப் பழகிய சொல், பணத்தோடும் குழம்பாது. நிலை என்றதும் நிகழ்வு மங்கிவிடுகிறது என்பது இதில் உள்ள இழப்பு. வாக்கியத்தில் ‘தொக்கு நிற்கிறது’ என்ற வினையை ஆண்டு அதை ஈடுகட்டலாம். இணைச்சொல்லை உரையாசிரியர்களே தந்திருக்கிறார்கள்: தொகைக்கு எதிர் விரி. தொக்கதை விரித்துக் காட்டுவதுதானே அவர்கள் செய்த வேலை; கனவு கண்டவர் தம் பேச்சால் செய்வதும் அதுவே. ‘விரித்தல்’ என்று வைத்துக்கொள்கிறேன். இடப்பெயர்வு இப்போது உள்ளபடியே இருக்கட்டும். ஆறாம் இயலின் மொழிபெயர்ப்பை இவ்விரு சொற்களோடு திருத்தி, வரும் ஞாயிறன்று அனுப்புகிறேன்.